பெயர் மாறிய பிறகு

தமிழ்நாடு அரசிதழ் புதன்கிழமைதோறும் வெளிவருகிறது. அதன் ஆறாம் பகுதி, நான்காம் பிரிவைத் திறந்தால் பக்கம் பக்கமாகப் பெயர் மாற்ற அறிவிப்புகள். ஒவ்வொன்றும் நான்கைந்து வரிதான். இன்னாருடைய மகன் அல்லது மகள், பிறந்த தேதி, சொந்த மாவட்டம், இப்போதைய முகவரி, இனிமேல் இன்ன பெயரால் அறியப்படுவேன் என்ற ஒரு வாக்கியம். கீழே ஒரு பக்கம் ஊரும் தேதியும், மறுபக்கம் பழைய பெயர். இதழின் முகப்பில் ஆங்கிலத் தேதிக்குப் பக்கத்தில் தமிழ் மாதமும் திருவள்ளுவர் ஆண்டும் இருக்கும். இந்த அறிவிப்புகளோடு ஓர் எச்சரிக்கையும் அச்சாகிறது: இவற்றை வெளியிடுவதால் அரசுக்குச் சட்டப் பொறுப்பு எதுவும் இல்லை, சட்ட விளைவுகளுக்கும் தவறான தகவலுக்கும் அறிவிப்பவரே முழுப் பொறுப்பு.

அந்த எச்சரிக்கையில்தான் இந்தக் கட்டுரையின் மையக் கேள்வி இருக்கிறது. இந்தியாவில் பெயர் மாற்றத்துக்கென்று தனிச் சட்டம் எதையும் நாடாளுமன்றம் இயற்றவில்லை. வயது வந்த ஒருவர் தன் பெயரைத் தானே மாற்றிக்கொள்கிறார், நோட்டரி முன் பிரமாணப் பத்திரம் எழுதிக் கையெழுத்திடுகிறார், சில துறைகள் கேட்பதால் இரண்டு நாளிதழ்களில் விளம்பரம் தருகிறார், அரசிதழில் வெளியிடுகிறார். அரசு அவருக்குப் புதுப் பெயர் எதையும் வழங்குவதில்லை. அவர் சொன்னதை அச்சிட்டுக் கையில் கொடுக்கிறது. அச்சிட்ட அரசே அந்தச் செய்தியைத் தன் மற்ற அலுவலகங்களுக்குத் தெரிவிப்பதும் இல்லை. ஆதார் மையம், வருமான வரித்துறை, பாஸ்போர்ட் அலுவலகம், வட்ட வழங்கல் அலுவலகம், ஆர்.டி.ஓ. ஆபீஸ், தேர்தல் பதிவு அலுவலர், வங்கி, வருங்கால வைப்பு நிதி என ஒவ்வொரு கதவையும் மனுதாரரே தட்ட வேண்டும். ஒவ்வொரு கதவுக்கும் தனிப் படிவம், தனி விதி, தனிக் காத்திருப்பு.

நம் நாட்டில் பெயர் மாற்றம் புதிய பழக்கமல்ல. வேதாசலம் மறைமலை அடிகள் ஆனார். சூரியநாராயண சாஸ்திரி பரிதிமாற் கலைஞர் ஆனார். நாராயணசாமி நெடுஞ்செழியனாகவும், ராமையா அன்பழகனாகவும், தட்சிணாமூர்த்தி கருணாநிதியாகவும் ஆனார்கள். மேடையிலும் அச்சிலும் வழங்கிய பெயரே நிலைத்தது. இன்று நிலைமை வேறு. பெயரைச் சரிபார்ப்பது மனிதர்கள் அல்ல, கணினிகள். இரண்டு தரவுத்தளங்களில் ஒரு புள்ளியோ ஒரு இடைவெளியோ மாறியிருந்தால் 'பெயர் பொருந்தவில்லை' என்று திரையில் வந்துவிடுகிறது. யாரிடம் போய் விளக்குவது என்பதே பலருக்குத் தெரிவதில்லை.

தமிழ்நாட்டில் இந்தச் சிக்கல் மற்ற மாநிலங்களைவிடக் கூடுதல். காரணம் இனிஷியல். 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் கூடிய முதல் சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டங்களைக் கைவிடச் சொன்னது. பெரியாரே தன் பெயரின் பின்னால் இருந்த பட்டத்தை விட்டார். அந்த இயக்கம் ஏற்படுத்திய மாற்றத்தால் தமிழர் பெயரில் குடும்பப் பெயர் என்ற ஒன்று பெரும்பாலும் இல்லை. தந்தை பெயரின் முதல் எழுத்து, அடுத்து தன் பெயர், அவ்வளவுதான். நான் பெருமையாகக் கருதும் வழக்கம் இது. ஆனால் நாட்டின் படிவங்கள் இதை மனத்தில் வைத்து உருவாக்கப்பட்டவை அல்ல. முதற்பெயர், நடுப்பெயர், கடைசிப் பெயர் என்று மூன்று கட்டங்களை வைத்துக்கொண்டு அவை நம்மைப் பார்க்கின்றன.

செல்வராஜ் மகன் குமார் என்று ஒருவரை வைத்துக்கொள்வோம். பத்தாம் வகுப்புச் சான்றிதழில் எஸ். குமார். ஆதாரில் குமார் எஸ். பான் அட்டைக்கு விண்ணப்பித்தபோது இனிஷியலை ஏற்கவில்லை. விரித்து எழுதச் சொன்னார்கள், குமார் செல்வராஜ் ஆனார். வங்கியில் யாரோ வரிசையை மாற்றிச் செல்வராஜ் குமார் என்று ஏற்றிவிட்டார்கள். பாஸ்போர்ட்டில் சொந்தப் பெயர் குமார், குடும்பப் பெயர் செல்வராஜ். வெளிநாடு போனால் அப்பாவின் பெயரைச் சொல்லித்தான் இவரைக் கூப்பிடுவார்கள். இவர் தன் பெயரை மாற்றவே இல்லை என்பதைக் கவனியுங்கள். ஐந்து ஆவணங்கள், நான்கு வடிவங்கள். இப்படிப்பட்டவர் உண்மையிலேயே பெயரை மாற்றினால் எந்தப் பெயரிலிருந்து மாற்றியதாக அரசிதழில் எழுதுவது? இதற்கு நான் தரும் பதில்: எல்லா வடிவங்களையும் 'என்கிற' போட்டு அறிவிப்பிலும் பிரமாணப் பத்திரத்திலும் சேர்த்துவிட வேண்டும். பத்திரப்பதிவில் நம் எழுத்தர்கள் காலங்காலமாகக் கையாளும் முறை அது. ஒரு வடிவம் விடுபட்டாலும் பிற்பாடு அந்த ஒன்றுதான் வழிமறிக்கும்.

ஒற்றைப் பெயர்க்காரர்களுக்குத் தொல்லை இன்னும் அதிகம். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர்க் கட்டம் காலியாக இருந்தால் அமெரிக்க விசாவில் முதற்பெயர் தெரியாதவர் என்ற குறிப்போடு பெயர் ஏறுகிறது. 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், ஒற்றைப் பெயர் மட்டும் உள்ள பாஸ்போர்ட்டுடன் சுற்றுலா அல்லது வருகை விசாவில் வருவோரை அனுமதிக்க முடியாது என்று அறிவித்தது. பிறகு, பாஸ்போர்ட்டின் இரண்டாம் பக்கத்தில் தந்தை பெயரோ குடும்பப் பெயரோ இருந்தால் போதும் என்று தளர்த்தியது. வளைகுடாவுக்குப் போகக் காத்திருந்த எத்தனையோ பேர் அதன் பிறகுதான் இனிஷியலை விரிக்க அலைந்தார்கள்.

எழுத்துப் பெயர்ப்பும் சேர்ந்துகொள்கிறது. அரசு ஆவணங்களில் முன்னெழுத்தையும் தமிழிலேயே எழுத வேண்டும் என்று 2021 டிசம்பரில் தமிழக அரசு ஆணையிட்டது. நல்ல ஆணை. ஆனால் ஒரு தகரம் ஆங்கிலத்துக்குப் போகும்போது டி ஆகலாம், டிஎச் ஆகலாம். முகமது என்ற ஒரே பெயருக்கு ஆங்கிலத்தில் எத்தனை எழுத்துக்கூட்டு புழங்குகிறது என்பது ஒவ்வொரு முஸ்லிம் குடும்பத்துக்கும் தெரியும். அரசிதழில் தமிழில் அறிவிப்பு வெளியிட ஆங்கிலத்தைவிடக் கட்டணம் குறைவு. அதனாலேயே பலர் தமிழில் வெளியிடுகிறார்கள். பாஸ்போர்ட்டும் பானும் கேட்பதோ ஆங்கில எழுத்துக்கூட்டு. தமிழ் அறிவிப்பை வைத்துக்கொண்டு அந்த எழுத்துக்கூட்டை நிரூபிக்க முடியாது. கட்டண வித்தியாசத்தைப் பார்க்காமல், ஆங்கில ஆவணங்கள் வைத்திருப்பவர்கள் ஆங்கிலத்திலும் வெளியிட்டுவிடுவது நல்லது.

சரி, அரசிதழ் கையில் வந்தாயிற்று. அடுத்து எங்கே? அனுபவப்பட்டவர்கள் ஒரே குரலில் சொல்வது: முதலில் ஆதார். மற்ற எல்லாத் துறையும் ஆதாரைத்தான் ஒப்பிட்டுப் பார்க்கிறது. ஆதாரை மாற்றாமல் பானை மாற்றினால் இரண்டும் முட்டிக்கொள்ளும். ஆனால் ஆதாரில் ஒருவர் வாழ்நாளில் இரண்டு முறைதான் பெயரை மாற்ற முடியும். பிறந்த தேதிக்கும் பாலினத்துக்கும் ஒரே முறை. மூன்றாவது முறை பெயரை மாற்ற வேண்டுமென்றால் மண்டல அலுவலகத்தின் தனி அனுமதி வேண்டும். எண்கணிதம் பார்த்து ஓர் எழுத்தைக் கூட்டுவதற்கு ஒரு வாய்ப்பைச் செலவழித்துவிட்டு, திருமணத்துக்குப் பிறகு இன்னொன்றையும் செலவழித்தவர்கள், அதன் பின் வரும் உண்மையான தேவைக்குக் கையைப் பிசைந்துகொண்டு நிற்கிறார்கள். எண்கணிதத்தில் நம்பிக்கை உள்ளவர்களிடம் எனக்கு வாதம் இல்லை. கூட்டிய எழுத்தை ஆதாரில் ஏற்றத்தான் வேண்டுமா என்று ஒரு நாள் பொறுத்து யோசியுங்கள் என்று மட்டும் கேட்டுக்கொள்வேன்.

ஆதார் மையத்தில் கவனிக்க வேண்டியது இன்னொன்று உண்டு. இயக்குபவர் ஆங்கிலத்தில் பெயரைத் தட்டும்போது தமிழ் வடிவம் தானாக எழுந்து வரும். குறில் நெடிலாகும், னகரம் ணகரமாகும். விண்ணப்பிப்பவர் பார்ப்பதற்கென்றே அவர் பக்கம் திருப்பிய ஒரு திரை இருக்க வேண்டும் என்பது விதி. அதில் இரண்டு மொழியிலும் பெயரை எழுத்து எழுத்தாகப் படித்துப் பார்த்த பிறகே சம்மதிக்க வேண்டும். பின்னால் வரிசை நீண்டு கிடக்கிறது, மையத்தில் அவசரப்படுத்துகிறார்கள் என்பதற்காக இந்த ஒரு நிமிடத்தை விட்டுக்கொடுக்கக் கூடாது. அங்கே நேர்ந்த ஓர் எழுத்துப்பிழையைத் திருத்துவது, இருக்கும் இரண்டு வாய்ப்பில் ஒன்றை விழுங்கிவிடும்.

பான் எண் மாறாது. பெயர் மட்டுமே மாறும். வருமான வரிச் சட்டத்தின் 139ஏஏ பிரிவு 2017இல் பானையும் ஆதாரையும் பிணைத்தது. 2023 ஜூன் 30க்குள் இணைக்காத பான் எண்கள் ஜூலை 1 முதல் செயலிழந்தன. இணைக்க 2022 ஜூலை முதலே ₹1,000 கட்டணம். செயலிழந்த பான் வைத்திருப்பவரின் வைப்புநிதி வட்டியில் கூடுதல் விகிதத்தில் வரி பிடிக்கிறார்கள். சோம்பலால் இணைக்காதவர்களும் இருந்திருப்பார்கள். ஆனால் இனிஷியல் ஓரிடத்தில் சுருங்கியும் ஓரிடத்தில் விரிந்தும் இருந்ததால், முயன்றும் இணைக்க முடியாமல் போனவர்கள் நம் ஊரில் ஏராளம். அவர்களும் அதே ₹1,000 கட்டினார்கள். பெயர் பொருந்தாததற்கு அவர்கள் எப்படிப் பொறுப்பாவார்கள்?

குடும்ப அட்டைக்கு வட்ட வழங்கல் அலுவலகம், வாக்காளர் அட்டைக்குப் படிவம் 8, ஓட்டுநர் உரிமத்துக்கு ஆர்.டி.ஓ. அலுவலகம். இவை ஒப்பீட்டளவில் எளிது, ஆதார் மாறியிருந்தால் பெரும்பாலும் நகர்ந்துவிடும். பாஸ்போர்ட்டை மறுவெளியீடு செய்யத்தான் வேண்டும், இருப்பதில் திருத்த முடியாது. விமானச் சீட்டு எடுத்துவிட்ட நேரத்தில் அதைத் தொடக் கூடாது. சீட்டில் உள்ள பெயரும் பாஸ்போர்ட் பெயரும் ஒன்றாக இருந்தாக வேண்டும்.

பள்ளிச் சான்றிதழ்தான் அசையாத கல். பிறப்பைப் பதிவு செய்தபோது குழந்தையின் பெயரைச் சேர்க்காமல் விட்டிருந்தால் 15 ஆண்டுகளுக்குள் சேர்த்துக்கொள்ளலாம். பதிவில் பிழை இருந்தால் 1969ஆம் ஆண்டுப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின் 15ஆம் பிரிவின்கீழ் திருத்தலாம். ஆனால் வளர்ந்த பிறகு விரும்பி மாற்றிய பெயர் பிழைத்திருத்தம் ஆகாது. பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றிதழும் அப்படியே. தமிழ்நாட்டில் பழைய சான்றிதழோடு அரசிதழ் நகலைச் சேர்த்துக் காட்டுவதுதான் பரவலான வழக்கம். சி.பி.எஸ்.இ. தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு 2021 ஜூன் 3 அன்று தந்த தீர்ப்பு இந்தக் கல்லைச் சற்று அசைத்தது. ஒருவர் தன் பெயரைத் தன் விருப்பப்படி வெளிப்படுத்துவது அரசியலமைப்பின் 19, 21ஆம் பிரிவுகள் தரும் உரிமைக்குள் வருகிறது. உரிய நிபந்தனைகளோடு சான்றிதழில் மாற்றம் செய்ய வழி இருக்க வேண்டும் என்றது அந்தத் தீர்ப்பு. தீர்ப்பின் உணர்வை எல்லாத் தேர்வு வாரியங்களும் உள்வாங்கினால் நகலைச் சுமந்து திரியும் வேலை பாதியாகக் குறையும்.

பெண்களின் நிலைமையைத் தனியாகப் பேச வேண்டும். திருமணமானால் பெண் தன் இனிஷியலை மாற்ற வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. ஆனாலும் குடும்ப அட்டையில் மருமகளைச் சேர்க்கும் நாளிலேயே அப்பாவின் எழுத்து போய்க் கணவரின் எழுத்து வந்துவிடுகிறது. பெரும்பாலும் அந்தப் பெண்ணை யாரும் கேட்பதுகூட இல்லை. பட்டம் ஓர் இனிஷியலில், ஆதார் ஓர் இனிஷியலில் என்று பிரிந்து கிடக்கும். அரசு வேலைக்கான சான்றிதழ் சரிபார்ப்பு நாளில்தான் அது வெடிக்கும். திருமணங்களைப் பதிவு செய்வது 2009 நவம்பரிலிருந்து தமிழ்நாட்டில் கட்டாயம். அந்தச் சான்றிதழ் பெயர் மாற்றத்துக்கும் ஆதாரமாகும். பாஸ்போர்ட் விதிகள் 2016 டிசம்பரில் தளர்ந்தன: தாய், தந்தை இருவரில் ஒருவர் பெயர் போதும், விவாகரத்தானவர் முன்னாள் கணவர் பெயரைத் தர வேண்டியதில்லை. இது உண்மையான முன்னேற்றம். ஆனால் கணவர் பெயரைச் சேர்த்துக்கொண்ட பெண் தன் பழைய பெயருக்குத் திரும்ப விரும்பினால், விவாகரத்துத் தீர்ப்பையோ கணவரின் தடையில்லாச் சான்றையோ கேட்கும் மத்திய அரசிதழ்த் துறையின் நிபந்தனை ஒன்று 2024இல் டெல்லி உயர் நீதிமன்றத்தில் கேள்விக்குள்ளானது. பிறந்தபோது பெற்ற பெயரைத் திரும்ப எடுத்துக்கொள்ள ஒரு பெண் இன்னொருவரிடம் ஏன் கையெழுத்து வாங்க வேண்டும்? இதற்கு நியாயம் சொல்ல எனக்குத் தெரிந்து ஒரு காரணமும் இல்லை.

திருநர்களுக்குப் பெயர் மாற்றம் உயிர்ப் பிரச்சினை. தமிழ்நாடு 2008இல் நல வாரியம் அமைத்து நாட்டுக்கு முன்னோடியானது. 2014 ஏப்ரல் 15 அன்று, திருநர்களின் பாலின அடையாளத்தை அங்கீகரித்த உச்ச நீதிமன்றத்தின் நால்சா தீர்ப்பு வந்தது. 2019ஆம் ஆண்டுத் திருநர் உரிமைப் பாதுகாப்புச் சட்டம், மாவட்ட ஆட்சியர் தரும் அடையாளச் சான்றிதழை வைத்துப் பிறப்புச் சான்றிதழ் உட்பட எல்லா ஆவணங்களிலும் முதற்பெயரை மாற்றிக்கொள்ளும் உரிமையை 7ஆம் பிரிவில் எழுதியது. ஏட்டளவில் அரசிதழ் சுற்றே தேவையில்லாத வழி இது. நடப்பில் கவுண்டரில் இருப்பவருக்கு அந்தப் பிரிவு தெரிந்திருக்க வேண்டும். தெரியாவிட்டால் 'அரசிதழ் கொண்டு வாங்க' என்ற பதில்தான் கிடைக்கும். அரசிதழிலோ பழைய பெயர், புதுப் பெயர், பிறந்த தேதி, வீட்டு முகவரி எல்லாம் ஒரே பத்தியில் அச்சாகி, இணையத்தில் யாரும் பதிவிறக்கும் கோப்பாக நிரந்தரமாகக் கிடக்கிறது. பழைய பெயரை விட்டு வெளியேற விரும்புகிறவருக்கும், வன்முறைக் கணவரிடமிருந்து தப்பி வேறு ஊரில் வாழும் பெண்ணுக்கும் இது ஆபத்து. நூலகத்தில் காகித இதழாக இருந்த காலத்தில் இந்த ஆபத்து தெரியவில்லை. இப்போது தெரிகிறது, முகவரியையாவது அச்சிடாமல் விடலாம்.

வாக்குரிமையில் பெயரின் பழைய வடிவம் எவ்வளவு முக்கியம் என்பதைச் சமீபத்தில் எல்லோரும் பார்த்தோம். தமிழ்நாட்டில் 2025 நவம்பர் 4 அன்று தொடங்கிய வாக்காளர் பட்டியல் சிறப்புத் தீவிரத் திருத்தத்தில், 2002, 2005ஆம் ஆண்டுப் பட்டியல்களில் தன் பெயரோ பெற்றோர் பெயரோ இருந்த விவரத்தைக் கேட்டார்கள். இருபது ஆண்டுகளில் பெயர் மாற்றியவர்கள், இனிஷியல் மாறிய பெண்கள், அப்பாவின் பெயர் அன்று தவறாக அச்சான பிள்ளைகள் எல்லோரும் அந்தப் பழைய பக்கங்களில் தங்களைத் தேட வேண்டியிருந்தது. புதுப் பெயருக்கு முழுதாக மாறிவிட்டோம், பழையது இனி வேண்டாம் என்று எவரும் இருந்துவிட முடியாது என்பது அங்கே புரிந்தது.

கடுமையான விளைவு இறப்புக்குப் பிறகுதான் வருகிறது. உயிரோடு இருக்கும்வரை நான்தான் அவர் என்று சொல்ல ஆள் இருக்கிறது. போன பிறகு, பட்டாவில் ஒரு பெயர், வங்கியில் ஒரு பெயர், இறப்புச் சான்றிதழில் ஒரு பெயர் என்றால் வாரிசுச் சான்றிதழுக்கும் குடும்ப ஓய்வூதியத்துக்கும் மனைவியோ பிள்ளைகளோ அலைகிறார்கள். இருவரும் ஒருவரே என்று முத்திரைத்தாளில் எழுதி, நோட்டரியிடம் கையெழுத்து வாங்கி, கிராம நிர்வாக அலுவலரின் விசாரணைக்குக் காத்திருந்து, தாசில்தார் அலுவலகப் படியேறுகிறார்கள். துக்க வீட்டில் இந்த வேலை நடக்கிறது.

இத்தனைக்கும் அரசே இரண்டு பெயரோடு இயல்பாக வாழ்கிறது. 1969 ஜனவரி 14 அன்று மாநிலம் தமிழ்நாடு ஆனது. 1996இல் தலைநகர் ஆங்கிலத்திலும் சென்னை ஆனது. உயர் நீதிமன்றமும் பல்கலைக்கழகமும் ஐ.ஐ.டி.யும் ஆங்கிலத்தில் இன்னும் மெட்ராஸ்தான். 2020 ஜூனில் 1,018 ஊர்களின் ஆங்கில எழுத்துக்கூட்டை மாற்றிய அரசு, எதிர்ப்பு வந்ததும் சில நாளில் திரும்பப் பெற்றது. மெட்ராஸும் சென்னையும் ஒன்றுதானா என்று நீதிமன்றத்திடம் யாரும் பிரமாணப் பத்திரம் கேட்பதில்லை. தனக்கு இருக்கும் இந்த நெகிழ்வை அரசு குடிமக்களுக்கும் தர வேண்டும்.

அதற்குப் புதிய தொழில்நுட்பம் எதுவும் தேவையில்லை. பெயர் பொருந்தவில்லை என்று நிறுத்துவதற்காகத் தரவுத்தளங்களை ஏற்கெனவே பிணைத்துவிட்டார்கள். அதே பிணைப்பின் வழியாக மாற்றத்தையும் அனுப்ப முடியும். அரசிதழுக்கு விண்ணப்பிக்கும்போதே, எந்தெந்தத் துறைக்கு என் மாற்றத்தைத் தெரிவிக்கலாம் என்று சம்மதம் கேட்கும் ஒரு பக்கம் இருந்தால் போதும். சம்மதம் தந்தவருக்கு அச்சுத்துறையிலிருந்து மற்ற துறைகளுக்குத் தகவல் போகட்டும். தர விரும்பாதவரை வற்புறுத்த வேண்டாம். இனிஷியல் சுருங்கியும் விரிந்தும் இருப்பதைப் பெயர் மாற்றமாகவே கணக்கிடக் கூடாது. பிறந்த தேதியும் தந்தை பெயரும் பொருந்தினால் ஒரே நபர் என்று ஏற்கலாம். ஆதாரின் இரண்டு முறை வரம்பில் இயக்குபவரின் பிழையைத் திருத்துவதைச் சேர்க்கக் கூடாது. இந்த மூன்றும் ஆணைகளால் செய்யக்கூடியவை.

அவை வரும்வரை செய்ய வேண்டியது: அரசிதழின் அசல் பிரதிகளைப் பத்திரமாக வைத்திருங்கள். பழைய பெயரில் உள்ள அடையாள அட்டைகளை ஒப்படைக்கும் முன் இரு பக்கமும் நகல் எடுத்து, சான்றொப்பம் வாங்கி அதோடு சேர்த்து வையுங்கள். பிரமாணப் பத்திரம், நாளிதழ் விளம்பரத்தின் முழுப் பக்கம், ஒவ்வொரு துறையும் தந்த ஒப்புகைச் சீட்டு எல்லாம் ஒரே கோப்பில் இருக்கட்டும். வங்கிக் கணக்கு, காப்பீடு, வைப்புநிதி ஆகியவற்றின் நியமனதாரர் பெயரையும் அதே வாரத்தில் சரிபார்த்துவிடுங்கள். பலரும் தங்கள் பெயரை மாற்றிவிட்டு, மற்றவர்கள் கணக்குகளில் தாங்கள் நியமனதாரராகப் பழைய பெயரில் இருப்பதை மறந்துவிடுகிறார்கள். அந்தக் கோப்பு எங்கே இருக்கிறது என்று வீட்டில் இன்னொருவருக்குச் சொல்லி வையுங்கள்.